வைக்கோல் திருடனின் வழி

ஆர்பெனிக் எனக்கு இரண்டு உறைகளில் எழுத்து அனுப்புவாள்.
பழுப்பு உறையில் கட்டுரை,
நீல உறையில் கதை.
இரண்டிலும் அதே தட்டச்சுப்பொறியின்
தலை உடைந்த அதே எழுத்து.

அரகாட்ஸ் மலைச்சரிவில் இரவெல்லாம்
கண்ணாடித் தகட்டில் ஒளி வாங்கிவிட்டுப்
பகலில் தூங்காமல் எழுதுகிறவள் அவள்.
நான் யெரெவானில், அச்சகத்தின் பின்னறையில்
மெய்ப்புப் பார்க்கிறவன்.
காற்புள்ளிக்குச் சம்பளம்.

கட்டுரைகளில் அவள் அடிக்கடி எழுதும் சொல்
தெரியாது.
இந்த விண்மீன் ஏன் திடீரென்று பொங்குகிறது? தெரியாது.
இதற்கு முன் எத்தனை முறை? தெரியாது.
ஆசிரியர் நவசார்த்யான் சிவப்புப் பென்சிலோடு
அதைத் தேடித் தேடி அடிப்பார்.
"நம் வாசகனுக்குத் தெரியாதது என்று
ஒன்று இருக்கலாமா தோழரே?"
அடித்த இடத்தில் "விரைவில் அறியப்படும்" என்று
என் கையால்தான் எழுதினேன்.
எத்தனை முறை என்று கேட்காதீர்கள்.

மூன்று மாதம் கழித்து நீல உறை வரும்.
அடிபட்ட தெரியாதுகள் எல்லாம் அதற்குள்
கால் முளைத்து நடந்துகொண்டிருக்கும்.
ஒன்றுக்கு விண்கப்பலில் தலைவி வேலை.
ஒன்று, ஆளில்லாத கோளில்
கடிகாரம் பழுது பார்த்தது.
இன்னொன்று சும்மா ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தது,
கதை முடிகிறவரை.
நவசார்த்யான் அதில் கை வைக்கவில்லை.
பொய்தானே, போகட்டும் என்பார்.

எங்கள் மொழியில் பால்வழிக்கு
வைக்கோல் திருடனின் வழி என்று பெயர்.
கடுங்குளிரில் ஒரு தேவன்
வேற்றரசனின் வைக்கோலைத் திருடிக்கொண்டு ஓடினானாம்,
சிந்தியதெல்லாம் வானத்தில்.
பழுப்பு உறையில் அவள் எழுதினாள்:
அது வைக்கோல் இல்லை, ஒவ்வொரு துரும்பும் ஒரு சூரியன்.
நீல உறையில் எழுதினாள்:
திருடன் வீடு போய்ச் சேர்ந்தபோது
கையில் ஒரு துரும்பும் மிஞ்சவில்லை.
மனைவி எதுவும் கேட்கவில்லை.

பிறகு அந்தக் குளிர்காலம்.
தொண்ணூற்று மூன்று, ஜனவரி.
போர். எரிவாயு இல்லை.
மின்சாரம் நாளுக்கு ஒரு மணி நேரம்,
அது எந்த மணி என்று தெரியாது.
டிராம்கள் நின்ற இடத்திலேயே பனி மூடிக் கிடந்தன.
பூங்கா மரங்கள் இரவோடிரவாகக் குட்டையாயின.
நான் முதலில் நாற்காலியை எரித்தேன்,
அப்புறம் தரைப்பலகையை,
அப்புறம் கட்டுக்கட்டாக இருந்த பழைய இதழ்களுக்கு எதிரே
சும்மா உட்கார்ந்திருந்தேன்.

அன்றைக்கு அவள் மலையிறங்கி வந்தாள்,
பாதி வழி ராணுவ லாரியில், பாதி நடந்து.
கோட்டுக்குள்ளிருந்து எடுத்து வைத்தது
நான்கு உருளைக்கிழங்கு,
தொலைநோக்கிக் கூடத்து ஏணியின் ஒரு படி.
திருடினாயா என்றேன்.
"மேல்படி. குவிமாடம் திறக்க மின்சாரம் இல்லை,
ஏறி எதைப் பார்க்க?"

எதை முதலில் எரிப்பது, கட்டுரையா கதையா?
பெரிய பதில் ஒன்றை எதிர்பார்த்துத்தான் கேட்டேன்.
அவள் தாளை விரலிடுக்கில் தேய்த்துப் பார்த்தாள்.
"கதைக்கு மட்டத் தாள் போட்டிருக்கிறீர்கள், சட்டென்று பற்றும்.
கட்டுரைக்குப் படத்தாள், புகையும், ஆனால் நின்று எரியும்.
பற்றவைக்கக் கதை. சூட்டுக்குக் கட்டுரை."

உருளைக்கிழங்கு வேகப்
பதினான்கு வருஷம் ஆனது.

தின்றுவிட்டு முற்றத்துக்கு வந்தோம்.
நகரம் முழுக்க ஒரு விளக்கில்லை.
கீழ்வீட்டு ஸருஹி அண்ணாந்து நின்றிருந்தாள்.
"மேலே என்ன அது, எங்காவது தீயா, புகை மாதிரி?"
"வைக்கோல்" என்றாள் ஆர்பெனிக்.
"யாருடையது?"
"திருடினது."
ஸருஹி கோடரியைச் சால்வைக்குள் தள்ளிக்கொண்டாள்.

அந்தப் பொங்கும் விண்மீன், இப்போதாவது தெரிந்ததா என்று
மெல்லக் கேட்டேன்.
வாயிலிருந்து ஆவி வந்தது முதலில்.
பிறகு அந்தச் சொல்.

நவசார்த்யான் விட்டுப்போன சிவப்புப் பென்சில்
என் பையில்தான் கிடந்தது.
மறுநாள் அதையும் அடுப்பில் போட்டேன்.
கொஞ்ச நேரம்தான்,
வாசனையாக எரிந்தது.